குன்னூரில் போர்-ஓவர் காப்பிக்கும் கிரீன் டீக்கும் ஒரே கூஸ்நெக் கெட்டில்: எதை வாங்கலாம்?

கேள்வி

அனைவருக்கும் வணக்கம். நாங்கள் குன்னூரில் குடியிருக்கிறோம். காலையில் வி60 டிரிப்பரில், அதாவது காகித வடிகட்டி வைத்த கூம்பில் தூளைப் போட்டு மேலிருந்து வெந்நீர் ஊற்றும் போர்-ஓவர் முறையில், எனக்கும் மனைவிக்குமாகச் சேர்த்துக் காப்பி இறக்குகிறேன். மாலையில் பெரும்பாலும் கிரீன் டீ. சில நாள்களில் இங்குள்ள தோட்டங்களின், இலையைத் தூளாக்காமல் சுருட்டிப் பதப்படுத்தும் ஆர்த்தடாக்ஸ் வகைக் கறுப்புத் தேநீர். இதுவரை சாதாரண எலக்ட்ரிக் கெட்டிலிலிருந்தே நீர் ஊற்றி வருகிறேன். அதன் மூக்கு அகலமானது என்பதால் நீர் மொத்தமாகக் கொட்டி, தூளின் நடுவில் குழி விழுந்துவிடுகிறது. அதே கொட்டை, அதே அளவு என்று இருந்தும் ஒரு நாள் காப்பி நன்றாகவும் மறுநாள் புளிப்பும் கசப்பும் கலந்தும் வருகிறது. காப்பிக்கொட்டையைக் கை மில்லில்தான் அப்போதைக்கப்போது அரைத்துக்கொள்கிறேன். அதில் குறை இருப்பதாகத் தெரியவில்லை.

ஆகவே ஒல்லியாக வளைந்த மூக்குள்ள கூஸ்நெக் கெட்டில் ஒன்று வாங்க நினைக்கிறேன். என் முன் மூன்று வழிகள் உள்ளன. அமெரிக்காவில் இருக்கும் அக்கா அடுத்த மாதம் ஊருக்கு வரும்போது ஃபெல்லோ ஸ்டாக் இகேஜி என்ற மின் கூஸ்நெக் கெட்டிலை வாங்கி வருவதாகச் சொல்கிறார். இரண்டாவது, வெப்பநிலையைத் தேர்ந்தெடுத்துக்கொள்ளும் வசதியுள்ள மின் கூஸ்நெக் ஒன்றை இங்கேயே வாங்குவது. மூன்றாவது, கேஸ் அடுப்பில் வைக்கக்கூடிய, எந்தக் கருவியும் இல்லாத எவர்சில்வர் கூஸ்நெக். 7,000 ரூபாய்க்கு மேல் செலவிட விருப்பமில்லை. அமெரிக்கக் கெட்டிலை அடாப்டர் போட்டு இங்கே பயன்படுத்தலாமா, வெப்பநிலை வசதி உண்மையில் தேவைதானா, எத்தனை லிட்டர் கொள்ளளவு பொருத்தமாக இருக்கும் என்பதை அனுபவமுள்ளவர்கள் சொன்னால் உதவியாக இருக்கும்.

பதில் 1

முதல் வழியை இப்போதே விட்டுவிடுங்கள். அக்காவிடமும் இன்றே சொல்லிவிடுங்கள். அங்கே விற்கும் இகேஜி 120 வோல்ட்டுக்கும் 1200 வாட்டுக்கும் செய்யப்பட்டது. நம் வீடுகளில் வருவது 230 வோல்ட். நாம் அடாப்டர் என்று சொல்லும் பொருள் பிளக்கின் கால்களை நம் பிளக் பாயிண்டுக்கு ஏற்றவாறு மாற்றித் தருமே தவிர, மின்னழுத்தத்தைக் குறைக்காது. கைப்பேசி சார்ஜரும் மடிக்கணினி சார்ஜரும் 100 முதல் 240 வோல்ட் வரை ஏற்கும்படி செய்யப்பட்டவை என்பதால், எல்லாப் பொருளும் அப்படித்தான் என்ற எண்ணம் பலருக்கு வந்துவிடுகிறது. கெட்டிலின் சூடேற்றும் கம்பிக்கு அந்த வசதி கிடையாது. அதன் மின்தடை மாறாமல் மின்னழுத்தம் மட்டும் ஏறத்தாழ இரண்டு மடங்கானால், அது இழுக்கும் மின்திறன் மூன்றரை மடங்குக்கு மேல் உயர்ந்து 4,400 வாட் அளவுக்குப் போய்விடும். கம்பியோ உள்ளிருக்கும் மின்னணுப் பலகையோ கருகும், தீப்பிடிக்கவும் வாய்ப்புண்டு. மின்னழுத்தத்தைக் குறைக்கும் டிரான்ஸ்ஃபார்மர் வாங்கலாமே என்றால், 1200 வாட்டைத் தொடர்ந்து தாங்கும் டிரான்ஸ்ஃபார்மர் பல கிலோ எடையுள்ளது. சமையலறை மேடையில் அதற்கு இடம் ஒதுக்குவது வீண் வேலை.

இங்கேயே மின் கெட்டில் வாங்கினாலும் அடியில் ஒட்டியிருக்கும் வாட் அளவைப் பாருங்கள். 1200 வாட் கெட்டில் 230 வோல்ட்டில் ஐந்து ஆம்பியருக்குச் சற்று மேல் இழுக்கும். 6 ஆம்பியர் பாயிண்ட் அதைத் தாங்கும். 1500 வாட் என்றால் ஆறரை ஆம்பியர். மிக்சியும் கிரைண்டரும் செருகும் சிறிய பாயிண்டில் அதைச் செருகக் கூடாது. 16 ஆம்பியர் பவர் பிளக் வேண்டும். எர்த் கம்பி சரியாக இணைந்திருக்கிறதா என்பதையும் எலக்ட்ரீஷியனை வைத்து ஒரு முறை பார்த்துவிடுவது நல்லது.

பதில் 2

மின்சாரத்தைப் பற்றி மேலே சொல்லியாகிவிட்டது. நான் மூக்கைப் பற்றி எழுதுகிறேன். காப்பிக்காகக் கூஸ்நெக் வாங்கும்போது நாம் பணம் கொடுப்பது அந்த மூக்குக்குத்தான். திரையும் பொத்தானும் எத்தனை இருந்தாலும், மூக்கு சரியில்லாத கெட்டிலால் உங்கள் குறை தீராது.

வறுத்த கொட்டையில் கரியமில வாயு தங்கியிருக்கும். முதல் நீர் பட்டவுடன் அது குமிழ்விட்டு வெளியேறும். அதனால்தான் 15 கிராம் தூளுக்கு 250 மி.லி. நீர் என்று வைத்துக்கொண்டால், முதலில் ஏறக்குறைய 40 மி.லி. மட்டும் ஊற்றி, தூள் முழுவதும் நனைந்து உப்பி வர 30 முதல் 45 விநாடி வரை விடுகிறோம். அகன்ற மூக்கிலிருந்து அந்தச் சிறு அளவைப் பரவலாக ஊற்ற இயலாது. ஓரிடத்தில் வேகமாக விழும் நீர் பள்ளம் பறித்து, பிறகு வருகிற நீரும் அந்தப் பள்ளத்தின் வழியே இறங்கிவிடுகிறது. நடுவில் இருக்கும் தூளிலிருந்து சாறு அளவுக்கு மீறி இறங்கிக் கசக்கிறது, ஓரத்துத் தூளில் சாறு போதுமான அளவு இறங்காமல் புளிப்பு மிஞ்சுகிறது. நீங்கள் சொல்லும் புளிப்பும் கசப்பும் ஒரே கோப்பையில் சேர்ந்து வருவதற்கு இதுவே காரணமாக இருக்க வேண்டும்.

நல்ல மூக்கு கெட்டிலின் அடிப்பகுதிக்கு அருகிலிருந்து கிளம்பி, ஒல்லியாக மேலேறி வளைந்து, நுனியில் கூர்மையாக வெட்டப்பட்டிருக்கும். கடையில் வாங்குவதானால் குளிர்ந்த நீரை ஊற்றிக் காட்டச் சொல்லுங்கள். மிக மெதுவாகச் சாய்க்கும்போது நீர் நுனியிலிருந்து நேராகக் கீழே விழ வேண்டும். மூக்கின் அடிப்புறத்தை ஒட்டிக்கொண்டு பின்னோக்கி வழிந்தால் அந்தக் கெட்டில் வேண்டாம். அடுத்து, விழும் நீர்க்கம்பி ஒரு சாண் உயரத்தில் எங்கும் முறியாமல் கண்ணாடிபோல் தெளிவாக இருக்கிறதா என்று பாருங்கள். இடையில் முறிந்து துளித்துளியாக விழும் நீர் தூளைக் கலக்கிவிடும். இணையத்தில் வாங்கினால், திருப்பி அனுப்பும் கெடு முடிவதற்குள் தராசின் மேல் ஒரு டம்ளரை வைத்து இதைச் சோதித்துவிடலாம். விநாடிக்கு 5 கிராம் வீதம், அதாவது பத்து விநாடியில் 50 கிராம், என்ற வேகத்தை ஆட்டமில்லாமல் பிடித்து நிறுத்த முடிந்தால் அந்த மூக்கு போதுமானது.

ஊற்றத் தொடங்குவதைப் போலவே நிறுத்துவதும் முக்கியம். 2016ஆம் ஆண்டு, காப்பி இறக்குவதற்கான போட்டியான உலக புரூவர்ஸ் கோப்பையை வென்ற ஜப்பானியர் டெட்சு கசுயாவின் 4:6 முறையில், 20 கிராம் தூளுக்கு 300 கிராம் நீரை 60 கிராம் வீதம் ஐந்து தவணையாக ஊற்றுவார்கள். முதல் இரண்டு தவணைகளின் அளவை மாற்றியே இனிப்பையும் புளிப்பையும் கூட்டிக் குறைப்பார்கள். கையை நிமிர்த்திய பிறகும் சொட்டிக்கொண்டிருக்கும் கெட்டிலால் அப்படி அளந்து ஊற்ற முடியாது.

கொள்ளளவைப் பொறுத்தவரை, இருவருக்கு 30 கிராம் தூளும் 500 மி.லி. நீரும் போதும்; காகித வடிகட்டியை நனைக்க இன்னும் 100 மி.லி. சேர்த்துக்கொள்ளுங்கள். கழுத்துவரை நிரப்பிய கூஸ்நெக்கைச் சாய்த்தால் முதல் வீச்சிலேயே நீர் பாய்ந்துவிடும் என்பதால், மூன்றில் இரண்டு பங்கு நிரப்பினால் 600 மி.லி. கிடைக்கும்படி, 0.9 அல்லது 1 லிட்டர் கெட்டில் எடுத்துக்கொள்ளலாம். பெட்டியில் எழுதியிருக்கும் அளவு முழுவதும் பயன்படும் என்று எண்ண வேண்டாம், 1.2 லிட்டர் என்று விற்கப்படும் ஹாரியோ நிறுவனத்தின் புவோனோ கூஸ்நெக்கிலேயே நடைமுறைக் கொள்ளளவு 800 மி.லி. என்றுதான் அந்நிறுவனம் குறிப்பிடுகிறது.

இன்னொன்று: மூக்கில் தேங்கி நிற்கும் நீர் உள்ளே இருக்கும் நீரைவிடச் சூடு குறைந்தது. அந்த முதல் நீரைக் காகிதம் நனைக்கவே செலவழித்துவிடுங்கள். தூளின் மேல் ஊற்றாதீர்கள்.

பதில் 3

கொடைக்கானலில் இருக்கிறேன். நீங்கள் குன்னூரில் இருப்பதால் இந்தக் கேள்விக்கான விடையே ஓரளவு மாறிவிடுகிறது என்று நினைக்கிறேன். கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 300 மீட்டர் உயரத்துக்கு ஒரு டிகிரி வீதம் நீரின் கொதிநிலை குறையும். குன்னூர் சுமார் 1,850 மீட்டர் உயரத்தில் உள்ளது. அங்கே நீர் 94 டிகிரி அளவிலேயே கொதித்துவிடும். போர்-ஓவர் காப்பிக்குப் பொதுவாகச் சொல்லப்படும் வெப்பநிலை 90 முதல் 96 டிகிரி வரை. சென்னையில் இருப்பவர் கொதித்த நீரைச் சற்று ஆறவிட வேண்டுமா என்று யோசிக்க வேண்டும். நீங்களோ கொதித்தவுடன் அப்படியே ஊற்றலாம். காப்பிக்காக மட்டும் வெப்பநிலை காட்டும் கெட்டில் உங்களுக்குத் தேவையில்லை. அத்தகைய கெட்டிலில் 96 என்று வைத்தால், உங்கள் ஊரில் நீர் அந்த எண்ணை எட்டவே எட்டாது; ஊரின் உயரத்தைப் பதிவு செய்துகொள்ளும் வசதி சில விலை உயர்ந்த மாடல்களில்தான் உண்டு.

வெப்பநிலை வசதிக்கு உண்மையான வேலை கிரீன் டீயில்தான். சென்சா போன்ற ஜப்பானியப் பச்சைத் தேயிலைக்கு 70 முதல் 80 டிகிரியும், நிழலில் வளர்க்கப்படும் கியோகுரோ வகைக்கு 50 முதல் 60 டிகிரியும் போதும். சூடு கூடினால் துவர்ப்பையும் கசப்பையும் தரும் கேட்டகின்கள் மிகுதியாக இறங்கி, தியானின் என்ற பொருள் தரும் மென்மையான இனிப்பை மறைத்துவிடும். ஆனால் இதற்கும் கருவி கட்டாயமில்லை. நம் வீட்டு டபராவும் டம்ளரும் போதும். அறை வெப்பநிலையில் இருக்கும் ஒரு பாத்திரத்துக்கு நீரை மாற்றினால் ஏறத்தாழ 5 முதல் 10 டிகிரி குறையும். ஜப்பானில் இதற்கென்றே யுசமாஷி என்ற பாத்திரம் வைத்திருக்கிறார்கள். 94 டிகிரியில் தொடங்கும் உங்களுக்கு இரண்டு முறை மாற்றினாலே சென்சாவுக்கான சூடு வந்துவிடும். குளிர்காலக் காலையில் பாத்திரமே சில்லென்று இருக்கும்போது ஒரு முறையே போதுமானதாக இருக்கலாம். சமையலறை வெப்பமானி ஒன்றை வைத்து ஒரு முறை அளந்து, உங்கள் பாத்திரங்களுக்கான கணக்கைத் தெரிந்துகொள்ளுங்கள்.

ஆர்த்தடாக்ஸ் கறுப்புத் தேநீருக்குக் கூஸ்நெக் ஏற்றதல்ல என்பதே என் கருத்து. அந்த இலைக்கு முடிந்தவரை சூடான நீர், ஒரே மூச்சில் விழ வேண்டும். ஒல்லி மூக்கால் அரை லிட்டர் தேநீர்க் குடுவையை நிரப்புவதற்குள் கிட்டத்தட்ட ஒரு நிமிடம் போய்விடும். ஏற்கெனவே 94 டிகிரியில்தான் இருக்கும் நீர் அதற்குள் இன்னும் ஆறிவிடும். குடுவையை முதலில் வெந்நீரில் சூடாக்கிக்கொண்டு, உங்களிடம் இருக்கும் பழைய கெட்டிலாலேயே ஊற்றுங்கள். சமவெளியில் மூன்று நிமிடம் ஊறவிடுவதை இங்கே மூன்றரை, நான்கு என்று நீட்டிக்கொள்ளலாம்.

ஆகவே மூன்றாவது வழியையே நான் சொல்வேன். உங்கள் 7,000 ரூபாயில் பாதிக்கும் குறைவாகவே அது முடியும். மீதிக்கு நல்ல கொட்டை வாங்குங்கள். ஏற்காட்டிலும் பழனி மலையிலும் விளையும் காப்பியைச் சிக்கரி கலக்காமல், நடுத்தர வறுப்பில் கேட்டு வாங்கினால், வி60இல் அதன் மணம் தனியாகத் தெரியும்.

கேள்வி கேட்டவர்

மிக்க நன்றி. அக்காவிடம் பேசிவிட்டேன்; அவர் கெட்டிலுக்குப் பதிலாகக் காகித வடிகட்டிகள் கொண்டு வருகிறார். அடுப்பில் வைக்கும் கெட்டிலையே வாங்கப் போகிறேன். எங்கள் கேஸ் அடுப்பின் பர்னர்கள் பெரியவை. சிறிய அடிப்பாகம் கொண்ட கெட்டில் அதில் நிற்குமா? இண்டக்ஷன் அடுப்பும் இருக்கிறது, அதில் வைக்கலாமா?

பதில் 4

கேஸ் அடுப்பில் வைப்பதானால், பர்னரின் நான்கு கைகளுக்கு நடுவே கெட்டில் சரிந்துவிடாதபடி, சிறு பாத்திரங்கள் வைப்பதற்கென்று பாத்திரக் கடையில் விற்கும் கம்பி வளையத்தை வாங்கிப் போட்டுக்கொள்ளுங்கள். சிறிய பர்னரையே பயன்படுத்துங்கள். தீ அடிப்பாகத்தின் விளிம்பைத் தாண்டி மேலேறினால் கைப்பிடி சுடும், பிளாஸ்டிக் கைப்பிடியாக இருந்தால் உருகும். நிரப்பும் அளவில் கவனம் வேண்டும். அதிகமாக நிரப்பிக் கொதிக்கவிட்டால் நீர் மூடி வழியாக வராமல் மூக்கு வழியாகப் பீய்ச்சி அடிக்கும். ஆகவே மூக்கை ஆள் நிற்கும் பக்கம் திருப்பி வைக்காதீர்கள், குழந்தைகள் இருக்கும் வீட்டில் இதை மறக்கவே கூடாது.

இண்டக்ஷனுக்கு, அடியில் ஒரு காந்தத்தை வைத்துப் பாருங்கள். ஒட்டினால் வேலை செய்யும்; எவர்சில்வர் என்பதால் மட்டும் எல்லாக் கெட்டில்களிலும் காந்தம் ஒட்டிவிடாது. அடிப்பாகம் மிகச் சிறியதாக இருந்தால், பாத்திரம் இருப்பதையே அடுப்பு உணராமல் நின்றுவிடும் என்பதால், வாங்குமுன் அடிவிட்டத்தை அடுப்பின் கையேட்டில் சொல்லியிருக்கும் அளவோடு ஒப்பிட்டுக்கொள்ளுங்கள்.

இந்தக் கெட்டிலில் பாலையோ தேயிலையையோ ஒருபோதும் கொதிக்கவிடாதீர்கள். மூக்கின் வளைவுக்குள் படிந்ததைத் தேய்த்துக் கழுவ வழியில்லை. நீரில் உப்புப் படிவு உண்டாகும் ஊராக இருந்தால், கடையில் லெமன் சால்ட் என்று கேட்டால் தரும் சிட்ரிக் அமிலத்தை ஒரு தேக்கரண்டி போட்டு நீரைக் கொதிக்கவைத்து, அரை மணி நேரம் விட்டு, அந்த நீரை மூக்கின் வழியாகவே வெளியேற்றுங்கள். பிறகு நல்ல நீரை இரண்டு முறை கொதிக்கவைத்துக் கொட்டிவிட்டால் புளிப்பு வாடை போய்விடும்.