மறுமொழி: ‘மேட்ச் கட்’ என்பதற்குத் தமிழ்ச்சொல்

வணக்கம். ஒரு ஷாட்டின் முடிவை அடுத்த ஷாட்டின் தொடக்கத்தோடு ஏதோ ஓர் ஒப்புமையால் இணைக்கும் படத்தொகுப்பு உத்தி ‘மேட்ச் கட்’. அதற்குத் தமிழ்ச்சொல் தேடும் உரையாடலில் வந்த கருத்துகளுக்கு என் மறுமொழி இது.

> ‘பொருத்த வெட்டு’ போதும். இரண்டு ஷாட்களின் உருவம் பொருந்துகிறது, அவ்வளவுதான்.

போதாது என்பது என் கட்சி, ஐயா. எல்லோரும் முதலில் காட்டும் உதாரணத்தையே எடுத்துக்கொள்வோம்: 1962இல் வெளிவந்த ‘லாரன்ஸ் ஆஃப் அரேபியா’. பீட்டர் ஓ’டூல் எரியும் தீக்குச்சியை ஊதுகிறார். அடுத்த கணம் பாலைவனத்தின் அடிவானம். சூரியன் இன்னும் எழவில்லை, செம்மை மட்டுமே. முகத்தருகே பிடித்த சிறு சுடருக்கும் அகலத்திரை முழுக்க விரிந்த வானத்துக்கும் உருவத்தில் என்ன பொருத்தம்? நெருப்பில் முடிந்தது நெருப்பில் தொடங்குகிறது. செய்யுளில் ஒன்றின் இறுதியே அடுத்ததன் தொடக்கமாக வரும் அந்தாதியைப் போல. அதனால்தான் ‘அந்தாதி வெட்டு’ என்று முன்மொழிகிறேன்.

அந்தத் தீக்குச்சி வெட்டு பிறந்த விதமும் நமக்கு உதவும். படத்தொகுப்பாளர் ஆன் வி. கோட்ஸ், இங்கிலாந்துக்காரர். திரைக்கதையில் அந்த இடத்தில் இருந்தது டிசால்வ், அதாவது ஒரு ஷாட் மங்க மங்க அடுத்தது அதன்மேல் தெளிந்து வருவது. அக்காலத்தில் டிசால்வை லேபில்தான் செய்ய முடியும். தொகுப்பு அறையில் பிலிம் மீது பென்சிலால் குறியிட்டு, இரு துண்டுகளையும் நேராக ஒட்டி வைப்பார்கள். அப்படி ஒட்டியதை ஓட்டிப் பார்த்தபோதுதான் கோட்ஸும் இயக்குநர் டேவிட் லீனும் அதன் வீச்சைக் கண்டார்கள். தொகுப்பாளராக இருந்து இயக்குநரானவர் லீன். இன்னும் செப்பமாக்கச் சொன்னார். கோட்ஸ் இரண்டு ஃபிரேம்களை நீக்கினார், முடிந்தது. கணினியில் தொகுத்திருந்தால் இந்த வெட்டு கண்ணிலேயே பட்டிருக்காது என்று அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். படத்தொகுப்புக்கான ஆஸ்கர் அவருக்குக் கிடைத்தது.

> அந்தாதியில் அதே சொல் திரும்ப வர வேண்டும். இங்கே வருவது வேறு பொருள்.

வலுவான ஆட்சேபம், அம்மா. ஆனால் யாப்பில் அடியும் சீரும் மட்டுமல்ல, அசையும் எழுத்தும்கூட அந்தாதியாகத் தொடுக்கப்படும். ஓர் எழுத்தே போதும் என்று இலக்கணம் இடம் தரும்போது ஒரு நிறமோ அசைவோ ஒலியோ போதாதா? சொல் ஒன்றாக இருந்து பொருள் மாறுவதையும் நம் புலவர்கள் விரும்பியே செய்திருக்கிறார்கள்.

‘இயைபு வெட்டு’ என்றும் ஒருவர் எழுதியிருந்தார். இயைபில் ஒன்றுவது அடிகளின் இறுதிகள். இங்கே ஒன்றின் இறுதியும் மற்றொன்றின் தொடக்கமும் அல்லவா சேர்கின்றன?

இன்னொரு சிக்கல். ஒரு ஷாட்டில் கை கதவைத் தள்ளுகிறது, அடுத்த ஷாட்டில் அதே கதவு மறுபக்கத்திலிருந்து திறக்கிறது. ஆங்கிலத்தில் இதையும் மேட்ச் என்ற சொல்லுக்குள்ளேயே அடைப்பதுண்டு. நாம் அடைக்க வேண்டாம். பார்ப்பவர் கவனிக்காமல் போனால்தான் அந்த வெட்டு வென்றது. தீக்குச்சி வெட்டோ கவனிக்கப்படுவதற்காகவே இருக்கிறது. முன்னதைச் ‘செயல்தொடர் வெட்டு’ எனலாம்.

கோட்ஸையே தொடர்ந்தால் அடுத்த சொல்லும் கிடைக்கும். 1952இல் ‘தி பிக்விக் பேப்பர்ஸ்’ படத்தில் தொடங்கி எண்பது வயதைக் கடந்தும் தொகுத்தவர் அவர், 2018இல் மறைந்தார். 1998இல் அவர் தொகுத்த ‘அவுட் ஆஃப் சைட்’ படத்தில் ஜார்ஜ் குளூனியும் ஜெனிஃபர் லோபஸும் ஹோட்டல் மதுக்கூடத்தில் பேசுகிறார்கள். பேச்சு ஓடிக்கொண்டிருக்கும்போதே பிற்பாடு அறையில் நடக்கப்போவது ஊடே ஊடே வருகிறது. படம் முன்னே பாய்கிறது, குரல் பின்தங்கி நிற்கிறது. ‘ஊடுவெட்டு’ என்றால் படத்தைச் சொல்லிவிடும். குரலுக்கு என்ன செய்வது? யாப்பு தெரிந்தவர்களும் ஒலிப்பதிவில் வேலை செய்பவர்களும் எழுதுங்கள்.