புதுப்பிப்பு: அக்கா மீதான வழக்கு ரத்தாகிவிட்டது

தம்பி மனைவி கொடுத்த வரதட்சணைக் கொடுமைப் புகாரில், கல்யாணமாகி வேறு ஊரில் இருக்கும் அக்கா பெயரையும் குற்றப்பத்திரிகையில் சேர்த்துவிட்டார்கள், என்ன செய்வது என்று முன்பு இங்கே கேட்டிருந்தேன். பதில் சொன்ன எல்லோருக்கும் மனமார்ந்த நன்றி.

விசாரணை நீதிமன்றத்தில் விடுவிப்பு மனு (விசாரணை தொடங்கும் முன்பே வழக்கிலிருந்து விடுவிக்கக் கேட்கும் மனு) போடாமல் நேராக உயர் நீதிமன்றத்துக்குப் போங்கள் என்ற யோசனைதான் பலித்தது. வழக்கை ரத்து செய்யக் கேட்கும் மனு அது: புதுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் (BNSS) பிரிவு 528, அதாவது பழைய சட்டத்தில் (CrPC) 482. குற்றப்பத்திரிகை வந்த பிறகும் இந்த மனு போடலாம். வக்கீல் முக்கியமாக இரண்டு தீர்ப்புகளைச் சொன்னார். ஒன்று 1990 பஜன்லால் வழக்கு: புகாரை அப்படியே உண்மை என்று வைத்துக்கொண்டாலும் குற்றம் தெரியவில்லை என்றால் ரத்து செய்யலாம். இன்னொன்று 2022 கஹ்கஷான் கௌசர் வழக்கு: யார் என்ன செய்தார் என்றே சொல்லாமல் கணவர் வீட்டார் எல்லோர் மீதும் பொத்தாம்பொதுவாகக் குற்றம் சாட்டினால் போதாது. அக்காவைப் பற்றிப் புகாரில் இருந்தது ஒரே வரி, அதில் தேதியும் இல்லை, அவர் செய்தது என்னவென்றும் இல்லை.

எதிர்பாராதது, அக்கா அங்கே இல்லை என்று காட்ட நாங்கள் அலைந்து சேர்த்த பஸ் டிக்கெட், வருகைப் பதிவு எதையும் நீதிபதி பார்க்கவில்லை. சாட்சியை எடைபோடுவது விசாரணையின் வேலை என்றார். தம்பி மீதான வழக்கு தொடர்கிறது, அவர் மனைவி குறிப்பாகச் சொன்னவை இருக்கின்றன, அதை நீதிமன்றம் கேட்கத்தான் வேண்டும்.

அப்புறம், விடுவிப்பு மனுதான் போடப்போகிறீர்கள் என்றால் கவனம்: வாரண்ட் வழக்குகளில் (இரண்டு ஆண்டுக்கு மேல் தண்டனை கிடைக்கக்கூடியவை) ஆவண நகல் கிடைத்த நாளிலிருந்து 60 நாளுக்குள் போட வேண்டும் என்று புதுச் சட்டத்தின் 262வது பிரிவு சொல்கிறது.