ஹாங்காங் சண்டைப்பட நடிகர் சாமோ ஹங்கை நீங்கள் முதலில் பார்த்தது எந்தப் படத்தில்?

நான் குங்ஃபூ வகுப்பில் சேர்ந்தபோது என் எடை 96 கிலோ. காலைத் தூக்கி இரண்டு உதை விட்டாலே மூச்சு வாங்கும். கூடப் பயின்றவர்கள் யாரும் வாய் திறந்து ஒன்றும் சொல்லவில்லை, ஆனால் ஜோடி பிரிக்கும்போது என் பக்கம் ஒருவரும் வர மாட்டார்கள். விட்டுவிடலாம் என்று நினைத்திருந்த நேரத்தில் வகுப்பில் மூத்த அண்ணன் ஒருவர் 'என்டர் தி டிராகன்' படத்தின் தொடக்கச் சண்டையைப் போட்டு, "புரூஸ் லீயைப் பார்க்காதே, எதிரில் நிற்கிறவரைப் பார்" என்றார்.

பார்த்தேன். நல்ல பருமன், கையில் உறை, முகத்தில் கொஞ்சமும் பயமில்லை. தோற்கத்தான் போகிறார், ஆனால் ஒவ்வொரு அடியையும் அவர் வாங்கி விழுகிற விதத்தில்தான் லீயின் வேகமே நமக்குத் தெரிகிறது. 1973இல் அந்தப் படம் வந்தபோது சாமோவுக்கு 21 வயது.

அப்புறம் அவரைப் பற்றித் தேடித் தேடிப் படித்தேன். ஹாங்காங்கில் பீக்கிங் இசைநாடகப் பள்ளி ஒன்றில் சிறு வயதிலேயே சேர்க்கப்பட்டவர். தலைகீழாக நிற்பது, பல்டி, பாட்டு, வாள், எல்லாம் பிரம்படியோடு. ஜாக்கி சான், யுவென் பியாவ், யுவென் வா எல்லோரும் அங்கே அவருக்குத் தம்பிகள். பள்ளியை விட்டுக் கிளம்பும் வயதில் காயம் பட்டு வெகுநாள் படுத்திருந்ததில்தான் எடை கூடியதாம். அதைப் படித்த அன்று எனக்கு அழுகையே வந்துவிட்டது. அந்த உடம்போடுதான் அவர் ஐம்பது வருடம் சண்டை போட்டிருக்கிறார். நான் வகுப்பை விடவில்லை.

* * *

எனக்கு 'இப் மேன் 2'. மேசைமேல் நின்றபடி நாயகன் டானி யென்னோடு மோதுவாரே, அது. அந்தப் படம் உருவான நாட்களில்தான் அவருக்கு இதய அறுவைச் சிகிச்சை நடந்தது என்பது பின்னால் தெரிந்தது, தெரிந்தபின் அந்தக் காட்சியை உட்கார்ந்து பார்க்கவே முடியவில்லை. அந்தப் படத்துக்குச் சண்டை அமைத்தவரும் அவரேதான்.

அங்கிருந்து பின்னோக்கிப் போய் 1981இல் அவர் இயக்கிய 'தி ப்ராடிகல் சன்' பார்த்தேன். விங் சுன் என்கிற குங்ஃபூ முறை என்றால் என்ன என்று யாராவது கேட்டால் நான் அதைத்தான் காட்டுவேன். நண்பர் விழுவதைப் பற்றிச் சொன்னது முழுக்கச் சரி, ஆனால் கேமராவையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். ஹாங்காங் முறையில் சண்டை அமைப்பவரே கேமரா எங்கே நிற்க வேண்டும், எந்த அசைவில் ஷாட்டை வெட்ட வேண்டும் என்பதையும் முடிவு செய்வார். நாலைந்து அசைவு ஒரு ஷாட், அடுத்த ஷாட்டுக்கு இடம் மாற்றி மறுபடி நாலைந்து. அதனால்தான் அவர் படங்களில் யார் யாரை எங்கே அடித்தார் என்று ஒருபோதும் குழப்பம் வராது. இப்போது வருகிற பல படங்களில் கேமரா ஆடுகிற ஆட்டத்தில் கை எது கால் எது என்றே தெரிவதில்லை, அது எனக்கு உண்மையிலேயே கோபம் வரவழைக்கிற விஷயம்.

* * *

யாரும் 'பெயின்டட் ஃபேசஸ்' பற்றிச் சொல்லவில்லையே! 1988இல் வந்தது. அந்த இசைநாடகப் பள்ளியின் கதைதான், அதில் தன்னை அடித்து வளர்த்த குருவாக சாமோவே நடித்திருக்கிறார். ஒரு சண்டைப்பட நாயகனிடம் நாம் எதிர்பார்ப்பது எதுவும் இல்லை. பிள்ளைகளை அடிக்கிற கையையும், கற்றுக்கொடுத்த கலைக்குக் கூட்டம் குறைவதைப் பார்க்கிற கண்ணையும் ஒரே மனிதரிடம் காட்டுகிறார். ஹாங்காங் திரைப்பட விருதில் சிறந்த நடிகர் விருது அதற்குக் கிடைத்தது.

நான் பரதம் சொல்லிக்கொடுக்கிறவள். என் குருவும் தட்டுக்கழியால் அடித்திருக்கிறார், அந்த வலி இன்னும் நினைவிருக்கிறது, அவர் மேல் இருந்த அன்பும் இருக்கிறது. அடித்தது சரி என்று படம் சொல்லவில்லை, அவரைக் கெட்டவராகவும் ஆக்கவில்லை. படம் முடிந்ததும் என் குருவுக்குப் போன் செய்தேன். என்ன பேசினோம் என்பது நினைவில்லை, ஒரு மணி நேரம் பேசினோம்.

* * *

அம்மா, அந்தப் படத்தை நான் இன்னும் பார்க்கவில்லை. இன்று இரவே பார்த்துவிட்டு வந்து எழுதுகிறேன்.