சிலந்திப் பாறையும் சித்தப்பாவின் பாரோமீட்டரும்

வாட்ஸ்அப் குழு: தாத்தா வீடு
சனிக்கிழமை

[இரவு 7:38] கவிதா அக்கா: 📷 படம்

[7:39] கவிதா அக்கா: போன வாரம் போய்ட்டு வந்தோம்னு சொன்னேனே, அந்த இடம். இங்க அமெரிக்காவுல, அரிசோனாவுல இருக்கிற பள்ளத்தாக்கு, கேன்யன் டி ஷே. எழுத்துல பார்த்தா 'செல்லி'ன்னு இருக்கும், வாயில 'ஷே'தான். அம்மா, நீங்களும் அப்பாவும் ஜூன்ல வந்ததும் முதல்ல இங்கதான் கூட்டிட்டுப் போகப் போறேன்.

[7:44] அம்மா: என்னடி இது ஒத்தையா நிக்குது, கோயில் கோபுரமா

[7:45] கவிதா அக்கா: பாறைம்மா. தானா நிக்குது. ஏறக்குறைய 800 அடி. சிலந்திப் பாறைன்னு பேரு. உச்சியில சிலந்திப் பெண் குடியிருக்கான்னு இங்கத்துப் பழங்குடிங்க, நவாஹோ மக்கள் சொல்றாங்க. அவங்களுக்குத் தறி நெய்யக் கத்துக்கொடுத்ததே அவதானாம். ஆனா சொன்ன பேச்சு கேக்காத பிள்ளைங்களை மேல தூக்கிட்டுப் போயிடுவா. உச்சி மட்டும் வெளுத்துப்போய் இருக்கு பாருங்க, அது அந்தப் பிள்ளைங்களோட எலும்புன்னு சொல்லி மிரட்டுவாங்க.

[7:46] அம்மா: ஐயோ. பாப்பா கேட்டுட்டு இருந்தாளா

[7:48] கவிதா அக்கா: நல்லாக் கேட்டா. அன்னைக்கு ராத்திரி கேக்காமயே பல் தேய்ச்சா 😄 பள்ளத்தாக்குக்குள்ள இறங்கணும்னா நவாஹோ வழிகாட்டி ஒருத்தர் கூட வரணும். எங்களுக்கு வந்தது ஒரு வயசான அம்மா. இன்னொரு கதை சொல்லுங்கன்னு பாப்பா கேட்டுட்டே வந்தா. அந்தக் கயோட்டி கதை, நரி மாதிரி ஒரு பிராணி, அது பண்ற சேட்டைக் கதைங்க. அவங்க தலையாட்டிட்டாங்க. குளிர்காலத்துல மட்டும்தான் சொல்லணுமாம். பாம்பும் கரடியும் தூங்குற காலத்துல. வருஷத்தோட முதல் இடி இடிச்சாச்சுன்னா அப்புறம் வாயே திறக்கக் கூடாதாம்.

[7:49] கவிதா அக்கா: எவ்வளவு கேட்டும் சொல்லலை. எனக்கு அது ரொம்பப் பிடிச்சிருந்தது.

[7:55] சித்தப்பா: கவி, அண்ணன் அண்ணி அங்க வர்றதுக்கு முன்னாடி நான் படிக்கிற மாதிரி அந்த ஊரைப் பத்திப் புத்தகம் ஏதாவது சொல்லு. ரிட்டயர் ஆனதுல இருந்து ராத்திரி தூக்கம் வர மாட்டேங்குது. துப்பறியும் கதைன்னாலும் சரி.

[7:58] கவிதா அக்கா: சித்தப்பா, துப்பறியும் கதைன்னா டோனி ஹில்லர்மேன். நவாஹோ போலீஸ்காரங்கதான் அவர் கதாநாயகர்கள். லீப்ஹார்ன்னு ஒருத்தர், எதையும் அறிவால பார்க்கிறவர். ஜிம் சீன்னு இன்னொருத்தர், சின்னப் பையன், சடங்குப் பாட்டெல்லாம் கத்துக்கிறவன். 1970ல முதல் நாவல் வந்துச்சு. முதல்ல 1988ல வந்த 'எ தீஃப் ஆஃப் டைம்' படிங்க. பழங்காலப் பானை திருடறவங்க கதை. பானைக்காகச் சமாதியைத் தோண்டறாங்க.

[7:59] சித்தப்பா: எழுதினவர் அந்த இனத்துக்காரரா?

[8:01] கவிதா அக்கா: இல்லை. ஆனா 1987ல நவாஹோ அரசாங்கமே கூப்பிட்டு, எங்க மக்களோட நண்பர்னு விருது கொடுத்துச்சு. அதுக்காக அவரோட நிறுத்திடாதீங்க. லூசி டப்பஹோன்சோன்னு ஒரு நவாஹோ கவிஞர் இருக்காங்க. 2013ல நவாஹோ தேசத்தோட முதல் அரசவைக் கவிஞரா அவங்களைத்தான் நியமிச்சாங்க. வெளியில இருந்து வந்தவங்க எல்லாரும் பாறையைப் பத்தி எழுதுவாங்க. இவங்க அடுப்படி, காப்பி, பிறந்த குழந்தைன்னு எழுதுவாங்க.

[8:04] வினோத்: அக்கா, கை மாட்டிக்கிச்சே ஒருத்தருக்கு, ரஹ்மான் இசையில படம் வந்துச்சே, அதுவும் அந்தப் பக்கம்தானே?

[8:06] கவிதா அக்கா: ஆமாடா, '127 ஹவர்ஸ்', 2010. யூட்டாவுல ப்ளூஜான் கேன்யன். ஏரன் ரால்ஸ்டன். 2003 ஏப்ரல்ல தனியா இறங்கினார், பெரிய பாறை உருண்டு வலது கையை நசுக்கிடுச்சு. அஞ்சு நாளுக்கு மேல அங்கயே. கடைசியில தன் கையைத் தானே அறுத்துக்கிட்டு வெளியில வந்தார். மறு வருஷமே புத்தகமா எழுதிட்டார்.

[8:07] அம்மா: கூட யாரும் தேடி வரலையா

[8:07] கவிதா அக்கா: எங்க போறேன்னு யார்கிட்டயும் சொல்லாமப் போயிட்டார்ம்மா.

[8:08] அம்மா: அதான். வினோத் இதை நல்லாப் படி

[8:12] கவிதா அக்கா: சித்தப்பா, உங்களுக்குன்னு நான் மனசுல வச்சிருக்கிற புத்தகம் வேற. ஜான் வெஸ்லி பவல். அமெரிக்க உள்நாட்டுப் போர்ல கை போன மேஜர். 1869 மே மாசம் நாலு படகு, பத்து பேர். கொலராடோ ஆத்துல அதுக்கு முன்னாடி யாரும் முழுசாப் போனதில்லை, வரைபடத்துல அந்த இடமே வெள்ளையா இருக்கும். காத்தழுத்தம் அளக்கிற பாரோமீட்டரைத் தூக்கிட்டு ஒத்தைக் கையால பாறை பாறையா ஏறி உயரம் அளந்திருக்கார்.

[8:13] அம்மா: அவருக்கு எந்தக் கை

[8:13] கவிதா அக்கா: வலதுதான்ம்மா. நானும் அதைத்தான் நினைச்சேன்.

[8:16] கவிதா அக்கா: ஒரு இடத்துல செங்குத்துப் பாறையில ஏறிட்டு, மேலயும் போக முடியாம கீழயும் இறங்க முடியாம இருந்த கையால தொங்கிட்டு நிக்கிறார். கால் நடுங்குது. மேல நின்ன கூட்டாளிகிட்ட கயிறு இல்லை. சட்டுனு தன் உள் கால்சட்டையைக் கழட்டித் தொங்கவிடுறார். இவர் பிடிச்சிருந்த பாறையை விட்டுட்டுத்தான் அதைப் பிடிக்கணும். விட்டுட்டுப் பிடிச்சார். இன்னைக்குப் படிச்சாலும் எனக்கு உள்ளங்கை வேர்க்குது.

[8:20] சித்தப்பா: எத்தனை பேர் கரை சேர்ந்தாங்க?

[8:22] கவிதா அக்கா: ரெண்டு படகு, ஆறு பேர். ஒருத்தர் ஆரம்பத்துலயே போதும்னு போயிட்டார். கடைசியில ஒரு பயங்கரமான நீர்ச்சுழிப்பைப் பார்த்துட்டு மூணு பேர், அண்ணன் தம்பி ரெண்டு பேரும் டன்னுன்னு ஒருத்தரும், இனி ஆத்துல வர மாட்டோம்னு பாறை ஏறிப் போனாங்க. அந்த மூணு பேரையும் யாரோ கொன்னுட்டாங்க. ஆத்தோட போனவங்க ரெண்டு நாள்ல வெளியில வந்துட்டாங்க.

[8:23] அம்மா: அட கடவுளே. ரெண்டே நாள்

[8:29] கவிதா அக்கா: இதுக்கு முன்னாடி, ஆகஸ்ட் ஆரம்பத்துல, ஆறு சாந்தமா ஓடுற ஒரு இடத்துக்கு வந்தாங்க. பவல்தான் அதுக்கு க்ளென் கேன்யன்னு பேரு வச்சார். அங்க பாறை குடைஞ்ச மாதிரி பெரிய கூடம், உள்ள சின்னச் சுனை, கொஞ்சம் மரம். ராத்திரி அவர் தம்பி பாட, அந்தக் கூடம் முழுக்கக் குரல் நிறைஞ்சுதாம். அதனால சங்கீதக் கோயில்னு பேரு வச்சாங்க. அந்த மூணு பேரும் பாறையில தங்களோட பேரைச் செதுக்கி இருக்காங்க. ரெண்டு வருஷம் கழிச்சு வந்த அடுத்த குழு அதைப் பார்த்து எழுதி வச்சிருக்கு.

[8:30] அம்மா: அங்க போவோமா

[8:32] கவிதா அக்கா: போக முடியாதும்மா. தண்ணிக்குள்ள இருக்கு. 1963ல அங்க கட்டின அணையோட மதகை மூடித் தண்ணியைத் தேக்கிட்டாங்க. அந்த ஏரிக்கு வச்ச பேரு பவல் ஏரி.

[8:33] கவிதா அக்கா: அவர் பேரு வச்ச இடத்தை முக்கிட்டு அவர் பேரையே வச்சிருக்காங்க. இதை என்னால இன்னும் ஜீரணிக்க முடியலை. மூழ்கறதுக்கு முன்னாடி எட்வர்ட் ஆபின்னு ஒருத்தர் நண்பரோட ரப்பர் படகுல அதுக்குள்ள போய்ட்டு வந்தார். 1968ல அவர் புத்தகம் 'டெசர்ட் சாலிட்டேர்'ல அது ஒரு அத்தியாயம். நான் பீனிக்ஸ் வந்த புதுசுல முதல்ல படிச்சது அதுதான். கோபக்கார மனுஷன், சில பக்கத்துல எனக்கே அவர்மேல கோபம் வரும், அங்க காலங்காலமா வாழ்றவங்களை மறந்துட்டு ஆளில்லாத இடம் மாதிரி எழுதறார்னு. ஆனா அந்த ஒரு அத்தியாயத்தைப் படிச்சுட்டு அணையைப் பார்க்கப் போனா பேச்சே வராது.

[8:41] சித்தப்பா: கவி, நான் முப்பது வருஷம் பொதுப்பணித்துறையில ஷட்டர் பார்த்தவன். அணை இல்லாம அந்த வறண்ட ஊர்ல எத்தனை பேர் தண்ணி குடிப்பாங்க? உன் வருத்தம் புரியுது. ஆனா அதையும் யோசிக்கணும்மா.

[8:43] கவிதா அக்கா: யோசிக்கிறேன் சித்தப்பா. அந்த அணையில இருந்து வர்ற கரண்ட்டும் எங்க மாநிலத்துக்கு வருது. நான் அணையே வேண்டாம்னு சொல்லலை. அங்க என்ன இருந்துச்சுன்னு தெரிஞ்சுட்டு நிக்கணும்னு சொல்றேன்.

[8:44] சித்தப்பா: அது சரி.

[8:47] கவிதா அக்கா: உங்களுக்குப் பிடிச்ச மாதிரி இன்னொண்ணு. 1983 ஜூன்ல ஏரி நிரம்பி வழியிற நிலைமை. உபரித் தண்ணி வெளியேறுற ஸ்பில்வேயோட ஷட்டர் மேல பிளைவுட் பலகையை நட்டுத் தண்ணியைத் தடுத்தாங்க.

[8:47] சித்தப்பா: பிளைவுட்டா????

[8:48] சித்தப்பா: எத்தனை அடி?

[8:51] கவிதா அக்கா: 4 அடி. அப்புறம் அதை எடுத்துட்டு 8 அடிக்கு இரும்புத் தகடு. அந்த ஸ்பில்வே பாறையைக் குடைஞ்ச சுரங்கம். உள்ள கான்கிரீட் பேர்ந்து, தண்ணி செவப்பா, பாறைத் துண்டோட வெளியில வந்துச்சாம்.

[8:53] சித்தப்பா: கேவிடேஷன். வேகமா ஓடுற தண்ணியில குமிழி கட்டி உடையும், அந்த அடியில கான்கிரீட்டே பேர்ந்துடும். ஒரு சின்ன மேடுபள்ளம் போதும். நாங்க பாடத்துல படிச்சிருக்கோம். எவ்வளவு ஆழத்துக்குப் போச்சு?

[8:55] கவிதா அக்கா: ஒரு இடத்துல 32 அடிக் குழி. இது கெவின் ஃபெடார்க்கோ 2013ல எழுதின 'தி எமரால்ட் மைல்'ல இருக்கு. அதே வெள்ளத்துல மூணு பேர் ஒரு மரப்படகை எடுத்துட்டு கிராண்ட் கேன்யன் 277 மைலையும் துடுப்புப் போட்டே 36 மணி 38 நிமிஷத்துல கடந்தாங்க. நடுவுல படகு கவிழ்ந்து, நிமித்தி, திரும்ப ஏறி.

[8:56] சித்தப்பா: அதையும் எழுதி வை. முதல்ல பவல்.

[8:58] கவிதா அக்கா: பவல் இலவசமாவே கிடைக்கும், குட்டன்பெர்க் தளத்துல. எழுத்தைப் பெருசாக்கி அனுப்பறேன். ஒண்ணு மட்டும் தெரிஞ்சு படிங்க. ரெண்டு பயணத்துல நடந்ததை ஒரே பயணம் மாதிரி சேர்த்து எழுதியிருக்கார்.

[9:00] கவிதா அக்கா: 📄 பவல்.பிடிஎஃப்

[9:04] அம்மா: கவி, அந்தப் பாட்டுப் பாடின பக்கத்தை மட்டும் தமிழ்ல பேசி அனுப்புடி. அங்க நிக்கும்போது அப்பாவும் நானும் கேட்டுக்குறோம்

[9:05] கவிதா அக்கா: கண்டிப்பா அனுப்பறேன்ம்மா. ஏரிக்கரைப் பாறையில சுண்ணாம்பு அடிச்ச மாதிரி வெள்ளைப் பட்டை தெரியும். அதுவரைக்கும் தண்ணி நின்ன அடையாளம். இப்ப இறங்கிடுச்சு. மூழ்கின சில பக்கப் பள்ளத்தாக்கு வெளியில வந்திருக்கு, செடி முளைச்சிருக்கு.

[9:06] அம்மா: 🙏

ஞாயிற்றுக்கிழமை

[காலை 5:52] சித்தப்பா: ராத்திரி ரெண்டு மணி வரைக்கும் படிச்சேன். ஒரு படகு பாறையில மோதி ரெண்டாப் போச்சு. சாப்பாட்டு மூட்டை எல்லாம் போச்சு. ஆனா உடைஞ்ச துண்டு கொஞ்ச தூரத்துல சிக்கி நிக்குது. ரெண்டு பேர் உயிரைப் பணயம் வச்சுப் போய் பாரோமீட்டரை எடுத்துட்டு வந்துட்டாங்க.

[5:53] சித்தப்பா: பாரோமீட்டர் கிடைச்சிடுச்சு கவி!! மேற்கொண்டு யாரும் எதுவும் சொல்லிடாதீங்க. நானே படிச்சுக்குறேன்.