டப்பிங் பேய்ப்படம் ஏன் இப்படி ஒட்டுது?

கேள்வி: இந்தோனேசியப் பேய் தமிழ் பேசினா ஏன் பக்கத்து வீட்டுப் பேய் மாதிரி இருக்கு? வீவக வீட்டில் (சிங்கப்பூர் அரசு அடுக்குமாடி வீடு) வசனம் கேட்கச் சத்தத்தைக் கூட்டினா, அலறல் புளோக்கையே எழுப்புது. என்ன செய்யலாம்?

பதில் 1: உறவுக்காரப் பேய்தானே! பொந்தியானாக்னு சொல்ற மலாய்ப் பெண்பேய் பிரசவத்தில் செத்தவள். பிடரியில் ஆணி இறங்கினா அடங்குவாள். நம்ம பேயோட்டி உச்சிமுடியைப் புளியமரத்தில் வச்சு ஆணி அடிப்பார். அவள் குடியிருக்கிறது வாழைமரம், அவ்வளவுதான் வித்தியாசம்.

பதில் 2: 5.1 ஒலியில் (ஆறு ஸ்பீக்கர் அமைப்பு) வசனம் பெரும்பாலும் நடு ஸ்பீக்கரில் வரும். அதை மட்டும் 3 டெசிபல் ஏத்துங்க, பெரிய சத்தத்தை அடக்குற நைட் மோடு போடுங்க. அலறல் அமுங்கும், திடுக்கிடலும் பாதி போயிடும்.

பதில் 3: டப்பிங்கில் முதலில் கெடுறது கிசுகிசுப்புதான். வெறும் ஸ்டுடியோக் குரலுக்கு அந்த அறையின் எதிரொலி சேர்க்கலைன்னா பேய் காதோரம் நிற்காது, செய்தி வாசிக்கும். குளோசப்பில் உதடு மூடும்போது ப, ம வரலைன்னாலும் பயம் போச்சு. ஆங்கிலப் பேய்ப்படத்தில் வர்ற லத்தீன் மந்திரத்தைத் தொடாம விட்டிருந்தா, விவரமான ஆள் செஞ்ச டப்பிங்.