ஒஸ்மேனா பற்றிப் படிக்க என்ன இருக்கிறது?

நண்பர்களே, பிலிப்பைன்ஸ் வரலாறு படித்தவர்கள் யாராவது இருந்தால் உதவுங்கள். செர்ஜியோ ஒஸ்மேனா பற்றி ஒரு கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். செபுவில் பிறந்தவர், 1907இல் முதல் சட்டமன்றத்தின் சபாநாயகர். அதுவரை சிக்கல் இல்லை.

பிலிப்பைன்ஸ் அப்போது அமெரிக்காவின் ஆட்சியில் இருந்தது. சக அரசியல்வாதி மானுவல் ரோஹாஸுடன் வாஷிங்டன் போய் ஒஸ்மேனா வாங்கிவந்த விடுதலைச் சட்டத்தை, 1933இல் அவருடைய அரசியல் போட்டியாளர் மானுவல் கெசோன் நிராகரிக்க வைத்தார். மறு வருஷமே, ராணுவத் தளங்கள் விஷயம் தவிர ஏறக்குறைய அதே சட்டத்தைத் தானே கொண்டுவந்து பேர் வாங்கிக்கொண்டார் (கில்லாடிதான்!). அப்படியும் 1935இல் ஒஸ்மேனா அவருக்குத் துணை அதிபரானார். 1943இல் கெசோனின் பதவிக்காலம் முடிந்து தனக்கு வரவேண்டிய அதிபர் பதவியையும் கெசோனுக்கே விட்டுக்கொடுத்தார். பெருந்தன்மையா, அரசியல் கணக்கா?

இந்த 1943 முடிவைப் பற்றி விரிவாகப் பேசும் நூலோ கட்டுரையோ தெரிந்தால் சொல்லுங்கள். ஆங்கிலமானாலும் பரவாயில்லை.