எலிஷா குக் ஜூனியரை ஹாலிவுட் வீணடித்துவிட்டதா?

பழையபடப்பித்தன்:
'தி மால்டீஸ் ஃபால்கன்' (1941) படத்தில் கதாநாயகன் ஹம்ப்ரி போகார்ட்டை மிரட்டப் போய் அவமானப்பட்டுத் திரும்பும் அடியாள் வில்மர், எலிஷா குக் ஜூனியர்தான். அதோடு முத்திரை குத்திவிட்டார்கள். அப்புறம் எந்தப் படத்திலும் ஏமாளி, அடிவாங்கி, பாதியிலேயே சாகிறவன். 'தி கில்லிங்' (1956) படத்தில் மனைவியிடம் ஏமாறும் காசாளர். இப்படியொரு நடிகருக்கு ஒரு ஆஸ்கர் பரிந்துரைகூட இல்லை. வீணடித்துவிட்டார்கள் என்பதே என் கட்சி.

கருப்புவெள்ளை:
சாவு ஒன்றுதான் சார், சாகிற ஆட்கள் வேறு வேறு. 'தி பிக் ஸ்லீப்' (1946) பாருங்கள். காதலி எங்கே என்று கேட்டு ரவுடி துப்பாக்கி நீட்டுகிறான். இவர் பொய் முகவரி சொல்லிவிட்டு, அவன் ஊற்றித் தரும் விஷத்தைக் குடித்துச் சாகிறார். அந்தப் படத்தின் பெரிய வீரனே அவர்தான்! 'ஷேன்' (1953) படத்தில் வில்லன் ஜாக் பாலன்ஸ் முந்திக்கொண்டு துப்பாக்கியை உருவிவிட, இவர் கை பாதியிலேயே நின்றுவிடுகிறது. உயிர் போகப்போகிறது என்று அந்த முகத்துக்குத் தெரிந்துவிட்டது. இதற்கு வசனமே தேவைப்படவில்லை.

பழையபடப்பித்தன்:
நடிப்பில் நான் குறை சொல்லவில்லை, குறை ஸ்டுடியோக்களிடம். வால்டர் பிரென்னனும் குணச்சித்திர நடிகர்தானே? அவருக்கு மூன்று ஆஸ்கர், டிவியில் சொந்தத் தொடர். குக்குக்கு டிவியிலும் பெரும்பாலும் ஒரு வாரத்து விருந்தாளி வேஷம்தான்.

ரேடியோகண்ணன்:
'ஃபேன்டம் லேடி' (1944) படத்தில் வெறிபிடித்தாற்போல் டிரம்ஸ் வாசிக்கும் காட்சியை இரண்டு பேருமே விட்டுவிட்டீர்கள். கதாநாயகன் வேஷம் தந்திருந்தால் இப்படி ஒன்றைச் செய்ய விட்டிருப்பார்களா?

கருப்புவெள்ளை:
அருமையாகச் சொன்னீர்கள் கண்ணன். பித்தன் சார், விருந்தாளி வேஷத்தை லேசாக எடைபோடாதீர்கள். 1967-ல் 'ஸ்டார் ட்ரெக்' விண்வெளித் தொடரில் கேப்டன் கிர்க்குக்காக வாதாடும் வக்கீல் காக்லி யார்? கணினியை ஒதுக்கிவிட்டு, அறை முழுக்கச் சட்டப் புத்தகங்களை அடுக்கி வைத்திருப்பவர். வழக்கில் ஜெயிக்கிறார். 80-களில் 'மேக்னம் பி.ஐ.' துப்பறியும் தொடரில் தாதாவாகவே வந்தார். சினிமா தராததை டிவி தந்தது.

பழையபடப்பித்தன்:
காக்லி எனக்கும் பிடிக்கும். ஆனால் அது வரும்போது அவருக்கு வயது 63. வில்மருக்குப் பிறகு 26 வருஷம்! அப்படி ஒரு வக்கீலை 40 வயதிலேயே, ஒரு முழுப் படத்துக்குக் கொடுக்க அவர்களை எது தடுத்தது? அதற்குப் பதில் சொல்லுங்கள்.